நாம என்றால் யார் யார்

சோனியாவின் குரல் வளர்ந்தது காங்கிரீட் மிக்சருக்குப் பக்கத்தில். அப்பா குப்புசாமி தமிழ்நாட்டு எல்லையோரக் கௌதள்ளியிலிருந்து மைசூருக்குக் கட்டட வேலைக்கு வந்தவர். அம்மா ராணி அதே சைட்டில் சித்தாள். மிக்சர் சுற்றும்போது பக்கத்தில் நிற்பவர் பேசுவதே காதில் விழாது. மூன்றாவது மாடியில் இருக்கும் கணவரைக் கூப்பிட ராணி அடிவயிற்றிலிருந்து ஒரு ‘ஓஓய்’ போடுவார். பாதியில் உடைந்து, உடைந்த இடத்திலிருந்து மறுபடி ஏறும் கூப்பாடு அது. மிக்சர் சத்தத்தில் ஓட்டை போட்டுக்கொண்டு மேலே போய்ச் சேரும்.

ஏழு வயதில் அது சோனியாவுக்கும் வந்துவிட்டது. ராணிக்குத் தொண்டை கட்டிய நாட்களில் மகள் கூப்பிட்டாள். “சின்ன ராணி கூப்படறா, எறங்குங் மாமா” என்று சாரத்தில் நின்றவர்கள் குப்புசாமியைக் கேலி செய்தார்கள்.

பள்ளிக்கூடம் கன்னடம். இரண்டாம் வகுப்பில் ஒரு வியாழக்கிழமை உமாதேவி டீச்சர் சொன்னார்: “நாளெ நாவு ஜூகெ ஹோக்தீவி.” நாளைக்கு மிருகக்காட்சி சாலைக்குப் போகிறோம். ராணி விடியலில் எழுந்து தக்காளிச் சோறு கட்டிக் கொடுத்தார். பள்ளி வாசலில் பஸ் நின்றது. அதில் ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகள் இருந்தார்கள், உமாதேவி டீச்சர் இருந்தார். சோனியாவுக்கு இடம் இல்லை. டீச்சர் பொய் சொல்லவில்லை. நாளைக்கு நான் வகுப்புக்கு வரமாட்டேன் என்பதைத்தான் அப்படிச் சொல்லியிருந்தார். தமிழில் கேட்பவரையும் சேர்த்துக்கொண்டால் ‘நாம’, சேர்க்காவிட்டால் ‘நாங்க’. கன்னடத்தில் இரண்டுக்கும் ‘நாவு’ ஒன்றுதான்.

சோனியா பஸ் போன பிறகு வகுப்பில் உட்கார்ந்து தக்காளிச் சோற்றைத் தின்றாள். சாயங்காலம் குப்புசாமி மகளிடம் சொன்னார்.

“கன்னடத்துல ‘நாவு’ன்னா ஒடனே நம்பிப் போடாத, சாமி. யார் யாருன்னு கேட்டுப் போடோணும்.”

அன்றிலிருந்து கேட்டாள். நாவு விளையாடப் போகிறோம் என்று யாராவது சொன்னால், யார் யாரு? நாவு முதல் பெஞ்சில் உட்காருவோம் என்றால், யார் யாரு? இரண்டு மொழியிலும் அந்தக் கேள்வி ஏறக்குறைய ஒரே மாதிரி இருந்தது வசதியாகப் போயிற்று. ஏழாம் வகுப்புக்குள் அதுவே அவளுக்குப் பட்டப்பெயர். யார்யாரு வந்தாச்சு, யார்யாரு போயாச்சு.

பி.யூ.சி. என்னும் பன்னிரண்டாம் வகுப்பை முடித்த கையோடு மண்டி மொஹல்லாவில் ஒரு சவுண்ட் சர்வீஸ் கடையில் வேலைக்குச் சேர்ந்தாள். முதலாளி சேகரன், மைசூரிலேயே பிறந்த தமிழர். ஆம்ப்ளிஃபயர், ஸ்பீக்கர் பெட்டி, மைக் எல்லாம் கல்யாணத்துக்கும் கூட்டத்துக்கும் வாடகைக்குப் போகும். முதலில் கல்லாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து புக்கிங் எழுதினாள். மூன்றே மாதத்தில் கேபிள் சுற்றவும் அதன் நுனியில் ஜாக் பற்றவைக்கவும் கற்றுக்கொண்டு வண்டியில் ஏறிவிட்டாள். அந்தக் கடையில் ஒரு வழக்கம் உண்டு: கெட்டுப்போன கேபிளின் நுனியில் ஒரு முடிச்சுப் போட்டுவிடுவார்கள். முடிச்சுப் போட்டதை யாரும் மேடைக்கு எடுத்துப்போகமாட்டார்கள்.

“மிக்சர்ல ஒக்காரப் பழகறேனுங்ப்பா” என்று வீட்டில் சொன்னாள்.

“அங்கயும் மிக்சரா? அதுல என்னத்தக் கலக்கறாங்க?”

“சத்தத்தைங்.”

“நல்ல பொழப்பு” என்றார் குப்புசாமி. “ஜல்லி தூக்க வேண்டியதில்ல பாரு.”

2022 பிப்ரவரியில் ஒரு கல்லூரி விழா. ஐந்நூறு நாற்காலி போட்ட அரங்கம். ‘ஏளனே கிராஸ்’ என்ற ராக் குழு வாசிக்க வந்திருந்தது. கிடாரும் தலைமையும் காளிதாஸ், பேஸ் கிடார் ஸ்மிதா, டிரம்ஸ் கிச்சா. பாடிக்கொண்டிருந்தவர் ஹைதராபாத்தில் வேலை கிடைத்துப் போய்விட்டார். அன்றைக்குத் தானே பாடிச் சமாளிப்பதாகக் காளிதாஸ் சொல்லிக்கொண்டிருந்தார். அதைக் கேட்ட மற்ற இருவர் முகமும் நன்றாக இல்லை.

சோனியா மைக் முன்னால் நின்று “ஒந்து, எரடு, மூரு” என்று எண்ணினாள். கடைசி வரிசைக்குக் கேட்கிறதா என்று சேகரனிடம் கையைக் காட்டினாள். சேகரன் வாசலில் யாரிடமோ பேசிக்கொண்டிருந்தார், திரும்பவில்லை. இரண்டு முறை கூப்பிட்டுப் பார்த்தாள். பிறகு பழக்கதோஷத்தில் அம்மாவின் ‘ஓஓய்’யைப் போட்டாள்.

நாற்காலி தூக்கிக்கொண்டிருந்தவர்கள் அப்படியே நின்றார்கள். காளிதாஸ் கிடார் தந்தியை முறுக்குவதை விட்டுவிட்டு நிமிர்ந்தார்.

“இன்னொந்து சல” என்றார். இன்னொரு தரம்.

போட்டாள். கிச்சா உட்கார்ந்த இடத்திலிருந்தே நாலு அடி அடித்துப் பார்த்தார். மூன்றாம் தரம் அந்த நாலு அடிக்குப் பிறகு போடச் சொன்னார்கள். விழா முடிந்து சாமான் ஏற்றும்போது காளிதாஸ் அவளிடம் வந்து, ஞாயிற்றுக்கிழமை நாவு பிராக்டிஸ் செய்கிறோம் என்று கன்னடத்தில் சொன்னார்.

“யார் யாரு?”

காளிதாஸ் சிரித்துவிட்டார். “நீனூ சேரி கணே.” உன்னையும் சேர்த்துத்தான்.

வீட்டில் குழுவின் பெயரைச் சொன்னதும் குப்புசாமி யோசித்தார்.

“பேரே ஏளனமா இருக்குதே, புள்ள.”

“ஏளனமில்லீங்ப்பா. ஏழாவது கிராசுங், குறுக்குத் தெரு. காளிதாஸ் வூடு அங்கதான் இருக்குது.”

“எட்டாவது கிராசுல வூடு புடிச்சிருக்கலாமில்ல?”

ராணிக்கு வேறு சந்தேகம். “கத்தறதக் கேக்கறதுக்குக் கூட்டம் வருமா? நானும் இருவது வருசமாக் கத்தறேன், ஒருத்தன் கை தட்டலயே.”

கூட்டம் வந்தது. முதலில் கல்லூரிகள், பிறகு ஒரு காபிக் கடையின் மொட்டை மாடி, மண்டியா, ஹாசன், தசரா சமயத்தில் ஒரு இளைஞர் மேடை. ரிங் ரோட்டைப் பற்றிக் காளிதாஸ் எழுதிய ஒரு பாட்டு இருந்தது. இரண்டாவது சரணம் முடிந்ததும் எல்லா வாத்தியமும் நிற்கும். கிச்சா நாலு அடி அடிப்பார். பிறகு சோனியாவின் ‘ஓஓய்’. முதல் சில மேடைகளில் கூட்டம் சும்மா கேட்டது. ஹாசனில் முதன்முறையாகத் திருப்பிக் கூப்பிட்டது. யாரோ எடுத்த வீடியோ போனில் சுற்றியது. ராணி அதைப் பக்கத்து வீட்டு நஞ்சம்மாவிடம் காட்டி, “எங்கூப்பாட்ட எடுத்துட்டுப் போய்ப் போட்டிருக்கா பாருங்க” என்று புகார் போலவே சொன்னார். பத்து தடவைக்கு மேல் காட்டினார்.

சோனியா பெரிய கனவுக்காரி இல்லை. சினிமாவில் பாடவேண்டும், பெயர் வரவேண்டும் என்று அவள் சொல்லி யாரும் கேட்டதில்லை. அந்த நாலு அடிக்குப் பிறகு மைக் முன்னால் நிற்கும் ஆள் தானாக இருக்கவேண்டும். அது ஒன்றுதான் அவளுக்கு வேண்டியிருந்தது. அதற்காக வாரத்தில் ஆறு நாள் கேபிள் சுற்றினாள், ஏழாம் நாள் ஏழாவது கிராஸுக்குப் போனாள்.

குழுவில் அவளுக்கு நெருக்கம் ஸ்மிதா. ஸ்மிதாவின் தாத்தா வைத்யநாதன் ரயில்வே உத்தியோகத்துக்காக மைசூர் வந்தவர். வீட்டில் தமிழ்தான், ஆனால் மூன்று தலைமுறையில் அது பாதிக் கன்னடமாகிவிட்டிருந்தது. மற்ற இருவருக்கும் புரியக்கூடாத கிண்டல்களை இவர்கள் தமிழில் பேசிக்கொள்வார்கள். ஒரு நாள் ஸ்மிதா, “நம்ம தாத்தா ரயில்வேல இருந்தார், ரொம்ப ஸ்ட்ரிக்ட்டு” என்றாள்.

“உங்க தாத்தா எனக்கெப்பிடித் தாத்தா ஆவாரு?”

“ஏன், என்ன ஆச்சு?”

“‘எங்க தாத்தா’ன்னு சொல்லோணும். ‘நம்ம’ன்னா நானும் பங்காளியாயிருவேன். சொத்துல பாதி குடு.”

ஸ்மிதா விழுந்து விழுந்து சிரித்தாள். “நம்ம ஆத்துல எல்லாரும் இப்பிடித்தான் பேசறது” என்றாள். சிரிப்பு இன்னும் அதிகமாயிற்று. பிறகு இருவருமே அதை மறந்துவிட்டார்கள்.

2024 மே மாதம் பெங்களூரில் ஒரு இசை நிறுவனம் அந்த வீடியோவைப் பார்த்துவிட்டுக் கூப்பிட்டது. காளிதாஸும் ஸ்மிதாவும் போய்ப் பேசிவிட்டு வந்தார்கள். அடுத்த நாள் மதியம் ஸ்மிதா மண்டி மொஹல்லாவுக்கு வந்தாள். சந்தில் ஸ்கூட்டரை நிறுத்த இடமில்லை. பின்னால் ஒரு ஆட்டோ ஹார்ன் அடித்துக்கொண்டே இருந்தது. சோனியா கையில் பற்றவைப்புக் கம்பியுடன் கடைப் படியில் வந்து நின்றாள். ஸ்மிதா ஹெல்மெட்டைக்கூடக் கழற்றவில்லை.

“சோனியா, நாம பெங்களூரு போறோம். ஜூன் ஒம்பதாம் தேதி. ஆறு மாசம்.”

சோனியா கேட்கவில்லை. பதினேழு வருடமாகக் கேட்டுவந்த கேள்வியை அன்று கேட்கவில்லை. ஸ்மிதா சொன்னது தமிழில். ‘நாங்க’ என்று சொல்லவில்லை, ‘நாம’ என்றாள். தமிழில் அதற்கு மேல் கேட்க என்ன இருக்கிறது? கம்பியைப் படியில் வைத்துவிட்டு, இன்ஜின் ஓடிக்கொண்டிருந்த ஸ்கூட்டரோடு சேர்த்து ஸ்மிதாவைக் கட்டிக்கொண்டாள். ஸ்மிதா ஏதோ சொல்ல வாயெடுத்தாள். ஆட்டோக்காரர், “ஏனம்மா, மனெகெ ஹோகி தப்கொள்ளி” என்று கத்தினார். வீட்டுக்குப் போய்க் கட்டிப்பிடித்துக்கொள்ளச் சொல்கிறார். சோனியா சிரித்தாள். “அப்புறம் பேசலாம்” என்று ஸ்மிதா வண்டியைக் கிளப்பினாள்.

அந்த அப்புறம் வரவில்லை. பத்தொன்பது நாட்கள் இருந்தன. பிராக்டிஸ் நடக்கவில்லை, இனி பெங்களூரில்தான் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டாள்; ஒன்பதாம் தேதி பத்து மணிக்கு வேன் என்று குழுவின் வாட்ஸாப்பில் வந்தது. அவளுக்கென்று காளிதாஸிடமிருந்து ஒரு செய்தி மட்டும் வந்தது: ‘எல்லாத்துக்கும் தேங்க்ஸ் கணே.’ எனக்கு எதற்குத் தேங்க்ஸ், எல்லாரும் சேர்ந்து செய்ததுதானே என்று பதில் போட்டாள். அதற்குக் காளிதாஸ் கைகூப்பிய படம் அனுப்பினார்.

சேகரனிடம் வேலையை விடுவதாகச் சொன்னாள். அவர் சந்தோஷப்பட்டார், கூடவே கவலையும் பட்டார்.

“போயிட்டு வாம்மா. ஆனா உன் எடத்துல ஆள் போட்டுருவேன், வேற தாரி இல்ல. சீசன் பருது, அல்வா?” வேறு வழி இல்லை, சீசன் வருகிறது அல்லவா என்கிறார்.

குப்புசாமி சைட்டில் எல்லாரிடமும் சொன்னார். இன்ஜினியரிடம் இரண்டு தடவை சொன்னார். சக்கரம் வைத்த சிவப்பு சூட்கேஸ் ஒன்று வாங்கி வந்தார். ராணி கௌதள்ளிக்குப் போய்ச் சொந்தக்காரர்கள் வீடு வீடாக ஏறி இறங்கினார்.

ஜூன் ஒன்பது, ஞாயிற்றுக்கிழமை, காலை பத்து மணி. ஏழாவது கிராஸில் காளிதாஸ் வீட்டு முன்னால் ஒரு டெம்போ வேன். பின்கதவு திறந்திருந்தது. கிச்சா டிரம்ஸ் பெட்டிகளை அடுக்கிக்கொண்டிருந்தார். சோனியா ஆட்டோவுக்குக் காசு கொடுப்பதற்குள் குப்புசாமி சூட்கேஸைத் தூக்கிக்கொண்டு போனார். எடை தூக்கியே பழகிய மனிதர். டிரம்ஸ் பெட்டிக்கும் ஆம்ப்ளிஃபயருக்கும் நடுவே இடம் பார்த்து, அசையாமல் இருக்கிறதா என்று ஆட்டிப் பார்த்து, சூட்கேஸை வைத்தார்.

கிச்சா அதைப் பார்த்துக்கொண்டே நின்றார்.

வேனுக்குள் ஜன்னல் ஓரம் ஒரு பெண் உட்கார்ந்திருந்தாள். காதில் ஹெட்போன். சோனியாவைப் பார்த்ததும் கழற்றிவிட்டுச் சிரித்தாள். “ஹாய், நான் சுஷ்மா. பாடப்போறேன்” என்று கன்னடத்தில் சொன்னாள். “நீங்க சவுண்டா?”

காளிதாஸ் கேட்டுக்கு வெளியே வந்தார். சோனியாவைப் பார்த்தார், வேனுக்குள் சிவப்பு சூட்கேஸைப் பார்த்தார். திரும்பி வீட்டுப் பக்கம் சத்தமாகக் கேட்டார்.

“ஸ்மிதா! நீனு ஹேளில்வா?”

நீ சொல்லவில்லையா. குப்புசாமிக்கும் கன்னடம் தெரியும்.

ஸ்மிதா கிடார் உறையை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு வந்து நின்றாள். காளிதாஸ் விளக்கினார், அவசரமாக, ஒவ்வொரு வாக்கியத்துக்கும் ஒரு சாரி. நிறுவனத்துக்குச் சினிமாப் பாட்டுக்கும் சரிவரும் குரல் வேண்டுமாம். சோனியாவின் குரல் ஒரே மாதிரி இருக்கிறதாம். சங்கீதம் கற்றவர் வேண்டுமாம். தான் வாதாடிப் பார்த்ததாகச் சொன்னார். வாதாடியிருக்கலாம். யாருக்கும் தெரியாது.

சோனியா ஸ்மிதாவைத்தான் பார்த்தாள்.

“‘நாம’ன்னு சொன்ன.”

“நாம மூணு பேரும்னு…” ஸ்மிதாவின் குரல் இறங்கியது. “நீ கேப்பேன்னு நெனச்சேன், சோனியா. யார் யாருன்னு நீ எப்பவும் கேப்பியே. கேட்டா சொல்லிடலாம்னுதான் வந்தேன். நீ கேக்கவே இல்ல.”

“தமிழ்ல எதுக்குடி கேக்கோணும்?”

ஸ்மிதாவுக்கு அது புரியவில்லை. அவள் பேசும் தமிழில் ‘நாங்க’ என்ற சொல்லே இல்லை. அவளுக்குத் தெரிந்தவரை அவள் தவறாக எதுவும் சொல்லியிருக்கவில்லை. பத்தொன்பது நாள் வாயைத் திறக்காமல் இருந்தது வேறு விஷயம். அதற்கு எந்த மொழியையும் குற்றம் சொல்ல முடியாது. அவள் அழுதாள். சோனியா அழவில்லை.

குப்புசாமி வேனுக்குள் ஏறி சூட்கேஸை வெளியே எடுத்தார். அதை எடுத்ததில் ஆம்ப்ளிஃபயர் ஒரு பக்கம் சாய்ந்தது. நின்று, அதை நேராக நிமிர்த்தி வைத்துவிட்டுத்தான் இறங்கினார்.

ஆட்டோ பிடித்துத் திரும்பினார்கள். குப்புசாமி சூட்கேஸை மடியில் வைத்திருந்தார்.

“உங்கிட்ட எதுல சொன்னா? கன்னடத்துலயா?”

“தமிழ்லதானுங்ப்பா.”

அவர் சூட்கேஸின் கைப்பிடியை மடக்கி வைத்தார்.

“அப்ப நீ என்ன பண்ணுவ, சாமி.”

சேகரன் கடையில் அவள் இடத்துக்கு ஆள் வந்துவிட்டார். சோனியா ஒரு கார்மென்ட்ஸ் ஃபேக்டரியில் எட்டு மாதம் காலர் தைத்தாள். கௌதள்ளியிலிருந்து போன் வரும்போதெல்லாம் ராணி மகள் பெங்களூரில் நன்றாக இருப்பதாகவே சொன்னார். ஏழு மாதம் சொன்னார். பிறகு சொந்தத்தில் ஒருவர் மைசூர் பஸ் நிலையத்தில் சோனியாவை ஃபேக்டரி அடையாள அட்டையுடன் பார்த்துவிட்டார். அதன் பிறகு கௌதள்ளியிலிருந்து போன் வருவது குறைந்தது.

பாட்டு டிசம்பரில் வெளிவந்தது. சுஷ்மா நன்றாகவே பாடியிருந்தாள். இரண்டாவது சரணம் முடிந்ததும் வாத்தியம் நின்றது, நாலு அடி விழுந்தது, பிறகு ‘ஓஓய்’ வந்தது. அது சுஷ்மாவின் குரல் இல்லை. பாதியில் உடைந்து, உடைந்த இடத்திலிருந்து ஏறியது. ஏதோ பழைய மேடைப் பதிவிலிருந்து வெட்டி எடுத்து ஒட்டியிருந்தார்கள். பாட்டுக்குக் கீழே நாலு பெயர்கள் இருந்தன. சோனியா இரண்டு தரம் படித்தாள். ராணியிடம் நஞ்சம்மா ஓடிவந்து, உங்கள் மகள் பாட்டு ஆட்டோவில் ஓடுகிறது என்றபோது, ராணி கதவை மெதுவாகச் சாத்திக்கொண்டார்.

2025 பிப்ரவரியில் சேகரனின் புது ஆள் நின்றுவிட, அவரே கூப்பிட்டு அனுப்பினார். சோனியா மண்டி மொஹல்லாவுக்குத் திரும்பினாள். வேலை பழைய வேலைதான். ஒன்று மட்டும் மாறியிருந்தது. மைக் சோதிக்கும்போது அவள் எண்ணுவதில்லை. விரல் நகத்தால் மூன்று தட்டுத் தட்டுவாள். பின்வரிசைக்குக் கேட்கிறதா என்று பார்க்க நடந்தே போய்வருவாள்.

அந்த நவம்பரில் ஒரு கல்லூரி மைதானத்துக்குச் சேகரனுக்கு ஆர்டர் வந்தது. ஏளனே கிராஸ். மூவாயிரம் பேர் வருவார்கள் என்றார்கள். வேண்டுமானால் வேறு ஆளை அனுப்புகிறேன் என்று சேகரன் சொன்னார். “பரவால்லீங்ணா” என்று சோனியா வண்டியில் ஏறினாள்.

மாலை நாலரை மணி. மைதானத்தின் நடுவில் மிக்சருக்குப் பின்னால் அவள். மேடையில் அவர்கள். ஸ்மிதா ஒரு தரம் கையைத் தூக்கினாள், சோனியாவும் தூக்கினாள். சோதனைக்கு அந்தப் பாட்டை எடுத்தார்கள். இரண்டாவது சரணம் முடிந்தது. கிச்சா நாலு அடி அடித்துவிட்டு, பக்கத்தில் இருந்த எலக்ட்ரானிக் பேடைத் தட்டினார். பதிவு செய்த கூப்பாடு அதற்குள்தான் இருந்தது. சத்தம் வரவில்லை. மறுபடி தட்டினார். வரவில்லை.

வாசலில் கயிற்றுக்குப் பின்னால் கூட்டம் சேர ஆரம்பித்திருந்தது. முன்வரிசைப் பையன்கள் இப்போதே ‘ஓய், ஓய்’ என்று பழகிக்கொண்டிருந்தார்கள். காளிதாஸ் மேடையிலிருந்து குதித்து மிக்சருக்கு ஓடிவந்தார். மூச்சு வாங்கியது.

“சோனியா, பேட் சத்தோய்த்து. நீனே இல்லிந்த ஹாக்பிடு கணே. ஒந்தே ஒந்து சல. நாவு மேனேஜ் மாடோண.”

பேட் செத்துவிட்டது, நீயே இங்கிருந்து ஒரே ஒரு தரம் போட்டுவிடு, நாவு சமாளித்துக்கொள்ளலாம்.

அவள் முன்னால் மிக்சரில் ஒரு மைக் செருகியிருந்தது, மேடையோடு பேச. அதைக் காளிதாஸ் அவள் பக்கம் திருப்பி வைத்தார்.

“நாவுன்னா யார் யாரு?” என்று சோனியா கேட்டாள்.

கோபமாகக் கேட்கவில்லை. நிஜமாகவே தெரிந்துகொள்ளக் கேட்பது போலக் கேட்டாள். முன்பு ஒரு முறை இந்தக் கேள்விக்குக் காளிதாஸ் சட்டென்று பதில் சொல்லியிருந்தார். இப்போது மேடையைத் திரும்பிப் பார்த்தார். சுஷ்மா நின்றிருந்த மைக்கைப் பார்த்தார்.

சோனியா பதிலுக்குக் காத்திருக்கவில்லை. பெட்டியிலிருந்து புதுக் கேபிள் ஒன்றை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு மேடைக்கு நடந்தாள். மண்டியிட்டு, பேடிலிருந்து வந்த கேபிளை உருவி, ஜாக்கைத் திருகிப் பார்த்தாள். உள்ளே கம்பி விட்டிருந்தது. புதுக் கேபிளைச் செருகிவிட்டுக் கிச்சாவிடம் தலையசைத்தாள். கிச்சா தட்டினார்.

நாலு ஸ்பீக்கர் கோபுரத்திலிருந்தும் அவள் குரல் ஒரே நேரத்தில் கிளம்பி மைதானத்தைத் தாண்டிப் போயிற்று. வாசலில் இருந்த கூட்டம் திருப்பிக் கூப்பிட்டது. சுஷ்மா நிம்மதியாகச் சிரித்து, “தேங்க்ஸ் அக்கா” என்றாள்.

சோனியா மிக்சருக்குத் திரும்பி வந்தாள். கூப்பாடு கொஞ்சம் அதிகமாக இருந்தது. அதன் அளவை இரண்டு கோடு குறைத்து வைத்தாள். பிறகு பழைய கேபிளைச் சுற்றி, நுனியில் முடிச்சுப் போட்டு, பெட்டிக்குள் எறிந்தாள்.